இர்மா ரான்ஹெலும் 'முதல் பத்து சதவீதம்' சட்டமும்: அமெரிக்க மாநில அரசியல், அடிப்படையிலிருந்து

அமெரிக்க அரசியல் என்றதும் நம் பேச்சு வெள்ளை மாளிகையைத் தாண்டுவதே இல்லை. யார் அதிபர், யார் அடுத்த அதிபர் என்பதோடு நின்றுவிடுகிறோம். ஆனால் ஓர் அமெரிக்கப் பிள்ளைக்கு எப்படிப்பட்ட பள்ளி கிடைக்கும், எந்த அரசுப் பல்கலைக்கழகத்தில் இடம் கிடைக்கும், அதற்கு எவ்வளவு கட்டணம் என்பதெல்லாம் பெரும்பாலும் மாநிலத் தலைநகரங்களில்தான் முடிவாகின்றன. அங்கே வேலை செய்பவர்களின் பெயர் வெளியே தெரிவதில்லை. தெரிந்தாலும் ஒரு வரிக்கு மேல் தெரிவதில்லை.

இர்மா ரான்ஹெல் அப்படி ஒரு வரியில் சுருக்கப்பட்டவர். 'டெக்சாஸ் சட்டமன்றத்துக்குத் தேர்வான முதல் ஹிஸ்பானிக் பெண், 1976.' அது உண்மைதான். ஆனால் அந்த வரி அவர் உள்ளே நுழைந்ததை மட்டும்தான் சொல்கிறது. அதன்பின் உள்ளே இருந்த 26 ஆண்டுகளில் அவர் என்ன செய்தார் என்பதைச் சொல்வதில்லை.

அவர் கொண்டுவந்த மிக முக்கியமான சட்டத்தின் கதையும் அப்படித்தான். ஒவ்வோர் உயர்நிலைப் பள்ளியிலும் முதல் பத்து சதவீதத்துக்குள் வரும் மாணவருக்கு மாநில அரசுப் பல்கலைக்கழகத்தில் இடம் தரும் சட்டம் அது. டெக்சாஸின் இந்த 'முதல் பத்து சதவீதம்' சட்டத்தை இனவாரி இடஒதுக்கீடு என்று சிலர் சொல்கிறார்கள். தகுதியைத் தூக்கியெறிந்த சட்டம் என்று வேறு சிலர் சொல்கிறார்கள். இரண்டும் சரியல்ல. அந்தச் சட்டம் எப்படி வேலை செய்கிறது, அதை ஒரு மாநில உறுப்பினரால் எப்படி நிறைவேற்ற முடிந்தது என்பதை முதல்முறை கேட்பவருக்கும் புரியும்படி சொல்லிப் பார்க்கிறேன்.

மாநில சட்டமன்றம் என்றால் என்ன

அமெரிக்காவின் 50 மாநிலங்களுக்கும் தனித்தனி அரசியலமைப்புச் சட்டமும் சட்டமன்றமும் நீதிமன்றங்களும் உண்டு. ஆளுநர் என்பவர் அங்கே மேலிருந்து நியமிக்கப்படுபவர் இல்லை. மக்கள் நேரடியாக ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கும் ஆட்சித் தலைவர் அவர். சட்டமன்றத்தில் பெரும்பான்மை மாறினாலும் ஆளுநர் பதவி போகாது. அதேபோல் சட்டமன்ற உறுப்பினரும் தன் கட்சிக்கு மாறாக ஓட்டுப் போட்டதற்காகப் பதவி இழப்பதில்லை. இந்தக் கடைசி விஷயத்தை நினைவில் வையுங்கள், பின்னால் தேவைப்படும்.

டெக்சாஸ் சட்டமன்றத்துக்கு இரண்டு அவைகள். பிரதிநிதிகள் அவையில் 150 பேர். இவர்கள் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை தேர்தலைச் சந்திக்க வேண்டும். செனட்டில் 31 பேர். பதவிக்காலம் 4 ஆண்டுகள். சட்டமாக வேண்டிய முன்வரைவுக்கு மசோதா என்று பெயர். அது இரண்டு அவைகளிலும் தேறி ஆளுநரிடம் போக வேண்டும்.

வழக்கமான கூட்டத்தொடர் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறைதான் நடக்கும். ஒற்றைப்படை ஆண்டின் சனவரியில் தொடங்கி அதிகபட்சம் 140 நாள். உறுப்பினரின் சம்பளம் மாதம் 600 டாலர். 1975இல் வைத்த தொகை இன்றும் மாறவில்லை. கூட்டம் நடக்கும் நாட்களுக்குப் படி தனி. இதை வைத்து அங்கே குடும்பம் நடத்த முடியாது. அதனால் உறுப்பினர்கள் பெரும்பாலும் வக்கீலாகவோ வியாபாரியாகவோ பண்ணை வைத்திருப்பவராகவோ இருப்பார்கள். கூலி வேலைக்குப் போகிற ஒருவர் 140 நாள் ஊரை விட்டுப் போய் மாநிலத் தலைநகரான ஆஸ்டினில் உட்கார்ந்திருக்க முடியுமா? யார் போட்டியிட முடியும் என்பதைச் சட்டம் சொல்லாமலே சம்பளம் சொல்லிவிடுகிறது. என் பார்வையில் மாநில அரசியலில் அதிகம் பேசப்படாத தடை இதுதான்.

சுருக்கமாக: கல்வி, அரசுப் பல்கலைக்கழகம் போன்றவை மாநிலத்தின் கையில் இருக்கின்றன. அவற்றை முடிவு செய்பவர்கள் பகுதிநேர அரசியல்வாதிகள். அவர்களுக்கு நேரம் குறைவு, ஆனால் கட்சிக் கட்டு நாம் நினைப்பதைவிடத் தளர்ந்தது.

கிங்ஸ்வில்லிலிருந்து கராகஸ் வழியாக

இர்மா ரான்ஹெல் 1931 மே 15 அன்று தெற்கு டெக்சாஸின் கிங்ஸ்வில்லில் பிறந்தார். கிங் ராஞ்ச் என்ற பெரும் மாட்டுப் பண்ணையை ஒட்டி வளர்ந்த ஊர் அது. பெற்றோர் இளமையில் பருத்திக் காட்டில் உழைத்தவர்கள். பிறகு ஊரில் தொழில் தொடங்கி மேலே வந்தவர்கள்.

அவர்கள் மெக்சிகோ வம்சாவளியினர். ஹிஸ்பானிக் என்பது ஸ்பானிய மொழி பேசும் நாடுகளில் வேர் உள்ளவர்களைக் குறிக்கும் பொதுப்பெயர். அது ஓர் இனத்தின் பெயர் அல்ல, எந்த நிறத்தவரும் அதில் அடங்குவர். டெக்சாஸில் அவர்களில் மிகப் பெரும்பாலோர் மெக்சிகோ வழியினர். அங்கே இவர்களை வந்தேறிகள் என்று மட்டும் நினைத்துவிடக் கூடாது. 1836 வரை டெக்சாஸே மெக்சிகோவின் ஒரு பகுதிதான். ஆனாலும் ரான்ஹெல் வளர்ந்த காலத்து டெக்சாஸில் மெக்சிகோ வழிப் பிள்ளைகளுக்குப் பல ஊர்களில் தனிப் பள்ளி இருந்தது. பள்ளி வளாகத்தில் ஸ்பானிய மொழியில் பேசினால் தண்டனையும் இருந்தது.

அவர் சொந்த ஊரிலேயே இருந்த டெக்சாஸ் ஏ அண்டு ஐ கல்லூரியில் படித்து 1952இல் பட்டம் வாங்கினார். ஆசிரியரானார். அப்புறம் வெனிசுவேலாவின் தலைநகர் கராகஸுக்குப் போய்ப் பத்து ஆண்டுகளுக்கும் மேல் அங்கே பள்ளிகளில் வேலை பார்த்தார். திரும்பி வந்து சான் அன்டோனியோவின் செயின்ட் மேரிஸ் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தார். 1969இல் சட்டப் பட்டம் பெற்றபோது அவருக்கு வயது 38.

முதலில் ஏட்ரியன் ஸ்பியர்ஸ் என்ற கூட்டாட்சி நீதிபதியிடம் உதவியாளராக இருந்தார். பிறகு கார்பஸ் கிறிஸ்டியில் அரசுத் தரப்பு உதவி வழக்கறிஞர். இது சின்ன விஷயம் இல்லை. வழக்கில் தீர்ப்புச் சொல்லும் குடிமக்கள் குழுவான ஜூரியில் பெண்கள் உட்காரும் உரிமையே டெக்சாஸில் 1954இல்தான் வந்தது. அவர் கல்லூரியை விட்டு வெளியே வந்த ஆண்டில் எந்தப் பெண்ணும் உட்கார முடியாத ஜூரி இருக்கைகளைப் பார்த்து, 20 ஆண்டுகள் கழித்து அவர் அரசுக்காக வாதாடினார்.

1973இல் கிங்ஸ்வில் திரும்பி வக்கீல் தொழில் தொடங்கினார். அந்த வட்டாரத்தின் ஜனநாயகக் கட்சித் தலைமைப் பொறுப்பும் வந்தது. 1976இல் பிரதிநிதிகள் அவைக்குப் போட்டியிட்டு வென்றார். ஆசிரியர், வக்கீல் என்று இரண்டு தொழில்களைப் பார்த்துவிட்டு 45 வயதில் அரசியலுக்கு வந்தவர். அவருடைய சட்டங்களில் எப்போதும் பள்ளியும் கல்லூரியும் இருந்ததற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

1976 வரை ஏன் ஒருவர்கூட வரவில்லை?

டெக்சாஸில் இத்தனை ஹிஸ்பானிக் மக்கள் இருந்தும் அதுவரை ஒரு பெண்கூட சட்டமன்றம் போகாததற்கு 'அவர்கள் அரசியலில் ஆர்வம் காட்டவில்லை' என்று காரணம் சொல்வது எளிது. ஆனால் பக்கத்து மாநிலத்தைப் பார்த்தால் அந்தக் காரணம் நிற்காது.

நியூ மெக்சிகோவில் சொலடாட் சகோன் என்ற ஹிஸ்பானிக் பெண் 1922 தேர்தலிலேயே மாநிலச் செயலராக வென்றார். துணை ஆளுநர் இறந்துபோயிருந்த நிலையில், 1924 கோடையில் ஆளுநர் கட்சி மாநாட்டுக்காக நியூயார்க் போனபோது இரண்டு வாரம் பொறுப்பு ஆளுநராகவும் இருந்தார். 1930 தேர்தலில் இரண்டு ஹிஸ்பானிக் பெண்கள் அந்த மாநிலச் சட்டமன்றத்துக்குள் நுழைந்துவிட்டார்கள். நியூ மெக்சிகோ 1912இல் மாநிலமானபோது ஸ்பானிய மொழி பேசுவோர் அங்கே பெரும் எண்ணிக்கையில் இருந்தார்கள். அவர்களுடைய ஓட்டுரிமையையும் கல்வி உரிமையையும் அந்த மாநில அரசியலமைப்பே எழுதிக் காப்பாற்றியது.

டெக்சாஸில் நடந்தது வேறு. ஓட்டுப் போடுவதற்கே வரி கட்ட வேண்டும். ஒன்றரை டாலருக்குச் சற்று மேல், அதுவும் தேர்தலுக்குப் பல மாதம் முன்பே. பருத்தி எடுக்கும் குடும்பத்தில் கணவன் மனைவி இருவருக்கும் அதைக் கட்டுவது சுலபம் இல்லை. மாநிலத் தேர்தல்களில் இந்த வரி 1966இல்தான் ஒழிந்தது.

இன்னொரு தடை தொகுதியில் இருந்தது. பெரிய மாவட்டங்களில் பல உறுப்பினர்களை ஒரே கூட்டுத் தொகுதியாக வைத்து, மாவட்டம் முழுவதும் சேர்ந்து அத்தனை பேரையும் தேர்ந்தெடுக்கும் முறை இருந்தது. மொத்தத்தில் பெரும்பான்மையாக இருப்பவர்கள் எல்லா இடத்தையும் எடுத்துக்கொள்வார்கள். ஒரு பகுதியில் மட்டும் நெருக்கமாக வாழும் சிறுபான்மையினருக்கு ஒன்றும் மிஞ்சாது. 1973இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் டாலஸ், சான் அன்டோனியோ பகுதிகளில் இந்த முறையை ரத்து செய்தது. 1975இல் நாடாளுமன்றம், சிறுபான்மையினரின் ஓட்டுரிமையைக் காக்கும் வாக்குரிமைச் சட்டத்தின் சிறப்புப் பாதுகாப்புகளை டெக்சாஸுக்கும், மொழிச் சிறுபான்மையினருக்கும் நீட்டித்தது. ஸ்பானிய மொழியிலும் வாக்குச்சீட்டு வந்தது. அதற்காகப் பாடுபட்டவர்களில் முக்கியமானவர் டெக்சாஸின் கறுப்பின நாடாளுமன்ற உறுப்பினர் பார்பரா ஜோர்டன்.

அடுத்த ஆண்டு ரான்ஹெல் வென்றார். அவருடைய வெற்றி இந்த மாற்றங்களால் மட்டும் வந்தது என்று சொல்ல மாட்டேன், தெற்கு டெக்சாஸில் அவருடைய மக்கள் ஏற்கெனவே பெரும்பான்மைதான். ஆனால் பூட்டுகள் ஒவ்வொன்றாகத் திறந்துகொண்டிருந்த காலம் அது. செனட்டின் கதவு திறக்க இன்னும் பத்தாண்டு ஆனது. ஜூடித் சாஃபிரினி 1986 தேர்தலில் வென்று அங்கே நுழைந்தார்.

உள்ளே போனபின்: குழு என்னும் இடம்

ரான்ஹெலின் முதல் கூட்டத்தொடர் 1977. குழந்தைகளை வைத்துக்கொண்டு அரசு உதவித்தொகையில் வாழும் தாய்மார்களுக்குப் படிப்பும் வேலையும் கிடைக்க வழி செய்யும் மசோதாவை அவர் அப்போதே கொண்டுவந்து நிறைவேற்றினார். குடும்ப வன்முறையிலிருந்து தப்பி வரும் பெண்களுக்கான மையங்களுக்கும் துணை நின்றார். ஆனால் புது உறுப்பினராக ஒருவர் செய்யக்கூடியதற்கு எல்லை உண்டு. அந்த எல்லை எங்கே இருக்கிறது என்று தெரிய, குழு என்றால் என்ன என்று பார்க்க வேண்டும்.

ஒரு கூட்டத்தொடரில் ஆயிரக்கணக்கான மசோதாக்கள் வரும். 140 நாளில் 150 பேர் எல்லாவற்றையும் படிக்க முடியாது. அதனால் ஒவ்வொரு மசோதாவும் முதலில் ஒரு குழுவுக்குப் போகும். குழு என்பது ஒரு துறையை மட்டும் பார்க்கும் சிறிய உறுப்பினர் கூட்டம். அங்கே விசாரணை நடக்கும், சாட்சிகள் பேசுவார்கள், வரிகள் திருத்தப்படும். குழு அனுப்பினால்தான் மசோதா அவைக்கு வரும். எதை எப்போது எடுத்துக்கொள்வது என்று முடிவு செய்பவர் குழுத் தலைவர். அவர் ஒரு மசோதாவை எதிர்த்துப் பேச வேண்டியதுகூட இல்லை. கூட்டத்தில் எடுக்காமல் விட்டாலே போதும், 140 நாள் முடிந்ததும் அது செத்துவிடும்.

குழுத் தலைவரை நியமிப்பவர் பிரதிநிதிகள் அவையின் சபாநாயகர். டெக்சாஸில் ஒரு நல்ல வழக்கம் இருந்தது: பெரும்பான்மைக் கட்சிக்காரர் சபாநாயகராக இருந்தாலும் எதிர்க்கட்சியினருக்கும் சில குழுத் தலைமைகளைக் கொடுப்பார். கட்சி தாண்டிப் பேசிப் பழகிய அவை அது.

1995இல் சபாநாயகர் பீட் லேனி உயர்கல்விக் குழுவின் தலைவராக ரான்ஹெலை நியமித்தார். லேனி வடமேற்கு டெக்சாஸைச் சேர்ந்த பருத்தி விவசாயி. அதற்கு முன்பே, 1990களின் தொடக்கத்தில், மெக்சிகோ வழி உறுப்பினர்களின் சட்டமன்றக் கூட்டமைப்புக்குத் தலைமை ஏற்ற முதல் பெண்ணாகவும் ரான்ஹெல் ஆகியிருந்தார்.

அந்தக் காலத்து இன்னொரு போராட்டத்தையும் இங்கே சொல்ல வேண்டும். மெக்சிகோ எல்லையோரப் பகுதியில் மாநிலத்தின் மக்கள்தொகையில் கணிசமானவர்கள் வாழ்ந்தார்கள், ஆனால் அங்கே இருந்த கல்லூரிகளுக்கு மாநில நிதி மிகக் குறைவு. முனைவர் படிப்புகள் ஏறக்குறைய இல்லை. 1987இல் ஹிஸ்பானிக் அமைப்புகள் வழக்குப் போட்டன. கடைசியில் 1993இல் மாநில உச்ச நீதிமன்றம் அரசு பக்கம் தீர்ப்புச் சொன்னது. வழக்கு தோற்றது, ஆனால் வழக்கு கிளப்பிய வெட்கம் வீண்போகவில்லை. அதே ஆண்டு சட்டமன்றம் தெற்கு டெக்சாஸ் எல்லைத் திட்டம் என்ற பெயரில் ஏறத்தாழ 46 கோடி டாலர் ஒதுக்கியது. அதை வாங்கித் தந்தவர்களில் ரான்ஹெல் முன்னணியில் இருந்தார். நீதிமன்றம் கொடுக்காததைச் சட்டமன்றத்தில் பேசி வாங்கலாம் என்பதை அவர் அங்கே கண்டுகொண்டார் என்றே நினைக்கிறேன். அடுத்து வந்த நெருக்கடியிலும் அவர் அதைத்தான் செய்தார்.

சுருக்கமாக: சட்டமன்றத்தில் அதிகாரம் இருப்பது குழுவில். 1976இல் ரான்ஹெலுக்கு ஓர் இருக்கை கிடைத்தது. ஒரு துறையையே நகர்த்தும் இடம் கிடைத்தது 1995இல்.

1996: கதவை மூடிய தீர்ப்பு

டெக்சாஸின் முதன்மை அரசுப் பல்கலைக்கழகம் ஆஸ்டினில் இருக்கும் டெக்சாஸ் பல்கலைக்கழகம். 1950 வரை அதன் சட்டக் கல்லூரி கறுப்பின மாணவர்களைச் சேர்க்க மறுத்துவந்தது. பின்னாளில், அந்தப் பழைய அநியாயத்தை ஈடுகட்ட, சேர்க்கையில் கறுப்பின, மெக்சிகோ வழி மாணவர்களின் இனப் பின்னணியையும் கணக்கில் எடுத்துக்கொண்டார்கள். சேர்க்கையில் பார்க்கும் காரணிகளில் இனத்தையும் ஒன்றாகச் சேர்ப்பதே இங்கே கேள்வி. இத்தனை இடம் இந்தப் பிரிவுக்கு என்று எண்ணிக்கை ஒதுக்குவதை அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1978லேயே தடை செய்துவிட்டது.

சட்டக் கல்லூரியில் இடம் கிடைக்காத நான்கு வெள்ளையின மாணவர்கள் வழக்குப் போட்டார்கள். ஹாப்வுட் வழக்கு என்று அதற்குப் பெயர். 1996 மார்ச் 18 அன்று மேல்முறையீட்டு நீதிமன்றம், சேர்க்கையில் இனத்தைக் கணக்கில் எடுக்கவே கூடாது என்று தீர்ப்பளித்தது. உச்ச நீதிமன்றம் அந்த வழக்கை விசாரிக்க மறுத்துவிட்டது. டெக்சாஸின் அரசுத் தலைமை வழக்கறிஞர், தீர்ப்பு எல்லாப் படிப்புகளுக்கும் உதவித்தொகைகளுக்கும் பொருந்தும் என்று விளக்கம் கொடுத்தார்.

விளைவு உடனே தெரிந்தது. ஆஸ்டினில் முதலாண்டு சேர்ந்தவர்களில் கறுப்பின மாணவர்கள் 1996இல் 100க்கு ஏறத்தாழ 4 பேர். 1997இல் 3 பேருக்கும் கீழே இறங்கியது. ஹிஸ்பானிக் மாணவர் பங்கும் குறைந்தது.

ஹிஸ்பானிக் பேராசிரியர்களும் சட்டமன்ற உறுப்பினர்களும் சேர்ந்து உட்கார்ந்தார்கள். ரான்ஹெலும் ஆஸ்டின் செனட்டர் கொன்சாலோ பாரியென்டோஸும் சட்டமன்றப் பக்கத்தில் தலைமை. அவர்கள் சேர்க்கைப் புள்ளிவிவரத்தை இனவாரியாகப் பார்ப்பதை விட்டுப் பள்ளிவாரியாகப் பிரித்தபோது அதிர்ச்சி காத்திருந்தது. மாநிலத்தில் ஆயிரத்துக்கும் மேல் உயர்நிலைப் பள்ளிகள். ஆனால் ஆஸ்டினில் முதலாண்டு சேர்ந்தவர்களில் பாதிப்பேர் 60க்கும் குறைவான பள்ளிகளிலிருந்து வந்திருந்தார்கள். பெரும்பாலும் வசதியான புறநகர்ப் பள்ளிகள். வரி எல்லோரும் கட்டினார்கள், பல்கலைக்கழகம் சில ஊர்களுக்கு மட்டும் இருந்தது.

சட்டம் எப்படி வேலை செய்கிறது

மாவட்ட ஓட்டப்பந்தயத்துக்கு 50 பிள்ளைகளைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று வையுங்கள். எல்லா ஊர்ப் பிள்ளைகளையும் கடிகாரம் வைத்து ஓடவிட்டு வேகமான 50 பேரை எடுப்பது ஒரு வழி. அப்படிச் செய்தால் நல்ல மைதானமும் பயிற்சியாளரும் காலணியும் உள்ள நாலைந்து ஊர்களே இடத்தை நிரப்பிவிடும். இன்னொரு வழி, ஒவ்வோர் ஊரிலும் அவரவர் மைதானத்தில் ஓடவிட்டு, பத்தில் முதலாவதாக வருபவரை எடுப்பது. கரடுமுரடான தரையில் ஓடி ஜெயித்த பிள்ளையும் இதில் வந்துவிடும். இரண்டு வழியிலும் ஜெயித்தவர்கள்தான் தேர்வாகிறார்கள். யாரோடு ஒப்பிட்டு ஜெயித்தார்கள் என்பதுதான் மாறுகிறது.

1997இல் ரான்ஹெல் பிரதிநிதிகள் அவையில் கொண்டுவந்த 588ஆம் எண் மசோதா இரண்டாவது வழியைச் சட்டமாக்கியது. டெக்சாஸில் ஓர் உயர்நிலைப் பள்ளியில் முடிக்கும் மாணவர்களை அந்தப் பள்ளியே மதிப்பெண் சராசரிப்படி வரிசைப்படுத்தும். முதல் பத்து சதவீதத்துக்குள் வருபவர் விண்ணப்பித்தால், மாநிலத்தின் எந்த அரசுப் பல்கலைக்கழகமும் அவரைச் சேர்த்துக்கொள்ள வேண்டும். இதற்குத் தானியங்கிச் சேர்க்கை என்று பெயர். 60 பேர் முடிக்கும் கிராமப் பள்ளியில் 6 பேருக்கு, 800 பேர் முடிக்கும் நகரப் பள்ளியில் 80 பேருக்கு இந்த உரிமை. எஸ்.ஏ.டி. போன்ற பொதுத் தேர்வின் மதிப்பெண்ணை அனுப்ப வேண்டும், ஆனால் அது குறைவு என்று இவர்களை மறுக்க முடியாது. மீதி இடங்களுக்குப் பல்கலைக்கழகம் குடும்ப வருமானம், பள்ளியின் நிலை, குடும்பத்தில் முதல் பட்டதாரியா என்பது போன்றவற்றைப் பார்க்கலாம் என்றும் சட்டம் பட்டியலிட்டது. இனம் என்ற சொல்லுக்கு அதில் வேலையே இல்லை.

மசோதா எப்படித் தேறியது

மாநில அரசியலை விரும்பிப் படிப்பவர்களுக்கு இந்த இடம் ஒரு விருந்து. ஹிஸ்பானிக், கறுப்பின உறுப்பினர்களின் ஓட்டு மட்டும் போதாது. ஆனால் பள்ளிவாரிப் பட்டியலில் ஒருவர்கூட ஆஸ்டினுக்கு அனுப்பாத பள்ளிகள் எங்கே இருந்தன என்று பாருங்கள். எல்லையோரத்தில், நகரத்தின் ஏழைப் பகுதிகளில், அப்புறம் மேற்கு டெக்சாஸின் வெள்ளையினக் கிராமங்களில். அங்கிருந்து வந்த குடியரசுக் கட்சி உறுப்பினர்களுக்கும் இது சொந்த ஊர்ப் பிள்ளைகளின் விஷயம். மாறி ஓட்டுப் போட்டால் பதவி போகாது என்று முன்னே சொன்னேன் அல்லவா, அது இங்கே உதவியது. கட்சி எல்லையைத் தாண்டி வந்த ஓட்டுகளால் மசோதா தேறியது. செனட்டில் பாரியென்டோஸ் கொண்டுபோனார். 1997 மே மாதம் ஆளுநர் ஜார்ஜ் டபிள்யூ. புஷ் கையெழுத்திட்டார். 1998இல் நடைமுறைக்கு வந்தது.

1999இல் ஆஸ்டினில் கறுப்பின மாணவர் பங்கு மீண்டும் 100க்கு 4ஐத் தொட்டது, ஹிஸ்பானிக் பங்கும் பழைய நிலையை நெருங்கியது. முதலாண்டு மாணவர்களில் பாதியை அனுப்பும் பள்ளிகளின் எண்ணிக்கை பத்தாண்டுகளில் 100ஐத் தாண்டியது. கலிஃபோர்னியாவும் ஃப்ளோரிடாவும் தங்கள் பாணியில் சதவீதத் திட்டங்களை எடுத்துக்கொண்டன.

சுருக்கமாக: தீர்ப்பு இனத்தைப் பார்க்காதே என்றது. சட்டம் பள்ளியைப் பார்த்தது. கிராமத்துக்கும் எல்லையோரத்துக்கும் பொதுவான ஒரு குறையைக் கண்டுபிடித்ததால் அவையில் ஓட்டுச் சேர்ந்தது.

அடிக்கடி வரும் தவறான பேச்சுகள்

இது இடஒதுக்கீடு என்பது முதல் தவறு. எந்தப் பிரிவுக்கும் இதில் எண்ணிக்கை கிடையாது. வெள்ளையின மாணவர்களும் ஆசிய வம்சாவளி மாணவர்களும் பெரும் எண்ணிக்கையில் இதே வழியில்தான் சேர்கிறார்கள்.

தகுதி இல்லாதவர்கள் வருகிறார்கள் என்பது அடுத்தது. தன் பள்ளியில் நான்கு ஆண்டு முழுவதும் பத்தில் முதலாவதாக நின்ற ஒருவரைத் தகுதி இல்லாதவர் என்று எப்படிச் சொல்வது? ஒரு நாள் தேர்வைவிட நான்கு ஆண்டு உழைப்பு ஒருவரைப் பற்றி அதிகம் சொல்லும் என்பது என் கருத்தும்கூட.

இடம் கிடைத்தால் எல்லாம் கிடைத்துவிட்டது என்பதும் தவறு. சட்டம் பல்கலைக்கழகத்தின் வாசலைத்தான் திறக்கிறது. பொறியியல், வணிகம் போன்ற போட்டி மிகுந்த படிப்புகளில் விரும்பிய துறை கிடைக்கும் என்ற உறுதி இல்லை. பணமும் தராது. எல்லையோரக் குடும்பத்துப் பிள்ளைக்கு அனுமதிக் கடிதம் வந்தாலும் ஆஸ்டினில் தங்கிப் படிக்கச் செலவுக்கு எங்கே போவது? அதனால்தான் 1999இல் ஏழை மாணவர்களுக்கான மாநில உதவித்தொகைத் திட்டம் வந்தபோது ரான்ஹெல் அதற்காகவும் நின்றார்.

குறைகளும் உண்டு, மறைக்கத் தேவையில்லை. சட்டத்தால் பன்முகத்தன்மை வருவதற்குக் காரணமே டெக்சாஸின் பள்ளிகள் இனவாரியாகப் பிரிந்து கிடப்பதுதான். எல்லாப் பள்ளியிலும் எல்லோரும் கலந்து படித்தால் இந்த வழி அவ்வளவு வேலை செய்யாது. 'இனம் பாராத சட்டம்' என்று இதைச் சொல்வதில் உள்ள இந்த முரணை உச்ச நீதிமன்ற நீதிபதி ரூத் கின்ஸ்பர்கே சுட்டிக்காட்டினார். கடும் போட்டி உள்ள பள்ளியில் 11ஆவது சதவீதத்தில் நிற்கும் மாணவரின் வருத்தமும் பொய்யல்ல. இருந்தாலும் எனக்கு இந்தச் சட்டத்தின் பக்கம்தான் மனம் சாய்கிறது. அதுவரை ஆஸ்டின் என்ற பேச்சே எழாத பள்ளிகளில் அந்தப் பேச்சை அது கொண்டுவந்தது.

அதற்குப் பின்

2001இல் கிங்ஸ்வில்லில் மருந்தியல் கல்லூரி தொடங்கச் சட்டமன்றத்தின் அனுமதியை ரான்ஹெல் வாங்கினார்.  ஆனால் அதன் முதல் மாணவர்களை அவர் பார்க்கவில்லை. புற்றுநோயால் 2003 மார்ச் 18 அன்று, பதவியில் இருக்கும்போதே காலமானார். ஹாப்வுட் தீர்ப்பு வந்து சரியாக 7 ஆண்டு. ஆஸ்டினில் உள்ள மாநிலக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தார்கள். கல்லூரி 2006இல் அவர் பெயரோடு வகுப்புகளைத் தொடங்கியது. பெண் பிள்ளைகளுக்காக டாலஸில் 2004இல் திறந்த ஓர் அரசுப் பள்ளிக்கும் அவர் பெயர்.

அவர் இறந்து மூன்று மாதத்தில், மிச்சிகன் வழக்கு ஒன்றில், இனத்தை ஒரு காரணியாகப் பார்க்கலாம் என்று உச்ச நீதிமன்றம் சொல்ல, ஹாப்வுட் தீர்ப்பு செல்லாமல் போனது. ஆனாலும் டெக்சாஸ் பத்து சதவீதச் சட்டத்தைக் கைவிடவில்லை. சேர்க்கையில் மிகப் பெரும்பகுதி அந்த வழியிலேயே நிரம்பத் தொடங்கியதால், 2009இல் ஆஸ்டின் பல்கலைக்கழகத்துக்கு மட்டும் ஒரு திருத்தம் வந்தது: மாநில மாணவர்களுக்கான முதலாண்டு இடங்களில் 75 சதவீதம் வரை தானியங்கிச் சேர்க்கை போதும். விண்ணப்பங்கள் கூடக் கூட, அந்த 75க்குள் அடங்குவதற்காக ஆஸ்டினில் எல்லை சற்று ஏறியிறங்கி, காலப்போக்கில் 7, 6 சதவீதம் என்று இறங்கியது.

2023இல் உச்ச நீதிமன்றம் மறுபடி திரும்பி, நாடு முழுவதும் சேர்க்கையில் இனத்தைப் பார்ப்பதை நிறுத்தியது. பல மாநிலங்கள் 1996இல் டெக்சாஸ் நின்ற இடத்தில் இப்போது நிற்கின்றன, அதனால் ரான்ஹெலின் சட்டத்தைப் பற்றிய பேச்சு மீண்டும் கூடியிருக்கிறது. 2026 சேர்க்கைக்கு ஆஸ்டினில் எல்லை 5 சதவீதம். டெக்சாஸின் மற்ற அரசுப் பல்கலைக்கழகங்களுக்கு 1997இல் எழுதிய 10 சதவீதம் அப்படியே இருக்கிறது.